செல்வநாயகம் நல்ல அப்புக்காத்து, நல்ல பேரம்பேசுபவரா?

வடலிக்காணி எழுதியது:

தமிழரசுக் கட்சியைத் தொடங்கிய தந்தை செல்வாவை (செல்வநாயகத்தை)ப் பற்றி நாங்கள் பேசுவது இரண்டே வகை. ஒன்று, படத்துக்கு மாலை போட்டுக் கும்பிடுவது. மற்றது, "சத்தியாக்கிரகம் இருந்து காலத்தைப் போக்கினார்கள்" என்று ஒரே வரியில் தள்ளிவிடுவது. இரண்டிலும் அந்த மனிதர் செய்த தொழில் காணாமல் போய்விடுகிறது.

1923இல் அப்புக்காத்தாகி, கொழும்பு புதுக்கடையில் இருபத்து நான்கு வருடம் சிவில் வழக்குப் பேசியவர் அவர். 1947இல் காங்கேசன்துறைத் தொகுதியில் வென்று பாராளுமன்றம் போகும்போது வயது 49. அதே ஆண்டில்தான் கே.சி. பட்டமும் கிடைத்தது. அதாவது, ஒரு தொழிலின் உச்சிக்குப் போன பிறகு இன்னொன்றைத் தொடங்கியவர். முதல் தொழிலின் பழக்கம் இரண்டாவதில் ஒட்டாமல் இருந்திருக்குமா?

என் கருத்து, ஒட்டியது, கெடுதலாகவும் ஒட்டியது. பிரதமர் பண்டாரநாயக்கவோடு செய்த 1957 பண்டா–செல்வா ஒப்பந்தத்தையும், டட்லி சேனநாயக்கவோடு செய்த 1965 டட்லி–செல்வா ஒப்பந்தத்தையும் ஒரு காணி உறுதியை வாசிப்பது போல வாசித்துப் பாருங்கள். முதலாவதில், பிரதேச சபைச் சட்டம் எப்போது நிறைவேறும் என்று தேதி கிடையாது. இரண்டாவதில் "விரைவில்" என்று இருக்கிறது. ஒரு தரப்பு மீறினால் என்ன என்று இரண்டிலும் ஒரு வரி இல்லை. ஒரு சிவில் அப்புக்காத்து தன் கட்சிக்காரருக்கு இப்படி ஒரு உறுதி எழுதிக் கொடுத்திருந்தால் அந்தக் கட்சிக்காரர் அடுத்த முறை வேறு ஆளைத்தான் பார்ப்பார். இங்கே கட்சிக்காரர் என்பது முழுத் தமிழ்ச் சனம்.

சண்டைக்கு எழுதவில்லை. உண்மையாகவே யாராவது மறுத்தால் கேட்கலாம் என்றுதான்.

---

கச்சேரியடி எழுதியது:

தம்பி, கேள்வி நல்ல கேள்வி. ஆனால் உறுதி உதாரணம் பிழை. காணி உறுதியை மீறினால் மாவட்ட நீதிமன்றம் இருக்கிறது, வழக்குப் போடலாம். பிரதமர் ஒருவர் ஒப்பந்தத்தை மீறினால் எந்த நீதிமன்றத்துக்குப் போவது? "மீறினால்" என்று ஒரு வரி எழுதியிருந்தால் மட்டும் யார் வந்து நிறைவேற்றியிருப்பார்?

ஒப்பந்தத்துக்கு வெளியே ஒரு பிணை இருந்தது, அதை மறக்கிறீர்கள். 1956 ஆகஸ்டில் திருகோணமலை மாநாட்டில் நான்கு கோரிக்கைகளை வைத்து அரசுக்கு ஒரு வருடம் தவணை கொடுத்தார்கள். நிறைவேறாவிட்டால் 1957 ஆகஸ்ட் 20 சத்தியாக்கிரகம். அந்தத் தேதி நெருங்கியபோதுதான் பண்டாரநாயக்க பேச வந்தார். ஜூலை 26இல் ஒப்பந்தம். ஆகவே தேதி இருந்தது தம்பி, காகிதத்தில் இல்லை, அவ்வளவுதான்.

அப்புறம், அவர் கேட்டு வாங்கியதையும் பாருங்கள். வடக்கு மாகாணம் ஒரு பிரதேச சபை. கிழக்கு இரண்டு அல்லது அதற்கு மேல். மாகாண எல்லையைத் தாண்டியும் சபைகள் இணையலாம். நேரடித் தேர்தல். வரி விதிக்கவும் கடன் வாங்கவும் அதிகாரம். விவசாயம், கல்வி, சுகாதாரம், மீன்பிடி, வீதி, மின்சாரம் எல்லாம் உண்டு. என்னைக் கேட்டால் எல்லாவற்றிலும் பெரியது குடியேற்றப் பகுதி: தன் எல்லைக்குள் காணி யாருக்குக் கொடுப்பது, அந்தத் திட்டத்தில் யாரை வேலைக்கு வைப்பது என்று சபையே தீர்மானிக்கலாம். கல்லோயாக் குடியேற்றத் திட்டத்தைப் பார்த்த பிறகு வந்த வாசகம் அது. இருபத்து நான்கு வருடம் காணி வழக்கும் பங்குபிரிப்பும் பார்த்த ஒருவருக்குத்தான், கொடியை விட எல்லைக்கல் முக்கியம் என்று தோன்றும். இது என் ஊகம், ஆனால் வலுவான ஊகம்.

---

மதுரைக்காரன் எழுதியது:

நடுவில் ஒரு சின்னச் சந்தேகம் ஐயா. "அப்புக்காத்து" என்றால் வக்கீல்தானே? எங்கள் பக்கம் அப்படி ஒரு சொல்லே கிடையாது. "கட்சிக்காரர்" மட்டும் எங்களுக்கும் அதே பொருள்தான், அதனால் வடலிக்காணியின் சிலேடை புரிந்தது. கே.சி. என்பதும் கொஞ்சம் விளக்கினால் நல்லது.

---

பழைய லிகிதர் எழுதியது:

மதுரைத் தம்பிக்கு: அந்தக் காலத்தில் இங்கே சட்டத்தொழில் இரண்டு படி. பிரக்கிராசி என்பவர் கட்சிக்காரரைச் சந்தித்து, பத்திரம் எழுதி, வழக்கைத் தயார் செய்பவர். அப்புக்காத்து மேல் நீதிமன்றங்களில் எழுந்து நின்று வாதாடுபவர். இரண்டு சொல்லும் பறங்கியர் காலத்து மிச்சம். 1973இல் வந்த நீதி நிர்வாகச் சட்டம் இரண்டையும் ஒன்றாக்கி எல்லாரையும் சட்டத்தரணி ஆக்கியது. அப்புக்காத்துகளில் மூத்தவர்களுக்குக் கொடுத்த பட்டம்தான் கே.சி. 1952இல் எலிசபெத் ராணி வந்ததும் கே.சி. எல்லாம் கியூ.சி. ஆனது. ஊரில் "இராணி அப்புக்காத்து" என்பார்கள்.

இப்போது என் பங்குக்கு ஒன்று. வடலிக்காணி ஒப்பந்தங்களை மட்டும் பார்க்கிறார். செல்வா காலத்தில் நீதிமன்றக் கதவும் தட்டப்பட்டது. கோடீஸ்வரன் வழக்கைச் சொல்கிறேன். கேகாலைக் கச்சேரியில் (மாவட்ட அரச அலுவலகத்தில்) வேலை பார்த்த அரசாங்க எழுதுவினைஞர். சிங்களத் தேர்ச்சி இல்லை என்று 1962இல் சம்பள உயர்ச்சியை நிறுத்தினார்கள். "1956இன் தனிச்சிங்களச் சட்டமே அரசியலமைப்பின் 29ஆம் பிரிவுக்கு முரண்" என்று வழக்குப் போட்டார். ஒரு சமூகத்துக்கு மட்டும் பாதகமான சட்டத்தைத் தடுக்கும் பிரிவு அது. 1964இல் கொழும்பு மாவட்ட நீதிமன்றம் அவர் பக்கம் தீர்த்தது. 1967இல் உயர் நீதிமன்றம், "அரச ஊழியர் சம்பளத்துக்காக முடிக்கு எதிராக வழக்காட முடியாது" என்று சொல்லி, மொழிப் பிரச்சினையைத் தொடாமலே தள்ளியது. 1969 டிசம்பரில், அன்றைக்கு இறுதி மேன்முறையீட்டு இடமாக இருந்த இலண்டன் பிரிவி கவுன்சில், "வழக்காடலாம், மொழிச் சட்டம் செல்லுமா என்பதை நீங்களே விசாரியுங்கள்" என்று திருப்பி அனுப்பியது.

அதன் பிறகு? 1971இல் பிரிவி கவுன்சிலுக்கு மேன்முறையீடு செய்யும் உரிமையே போனது. 1972இல் புதிய அரசியலமைப்பு வந்தது, 29ஆம் பிரிவும் போனது. கேள்விக்குப் பதில் வரவே இல்லை.

என் தகப்பனாரும் அதே காலத்தில் ஒரு அரச அலுவலகத்தில் லிகிதர். சிங்களச் சோதனை எடுக்க மாட்டேன் என்று வருடக்கணக்காக ஒரே சம்பளத்தில் இருந்தார். கோடீஸ்வரன் வழக்குத் தவணை எப்போது என்று அம்மாவுக்கும் தெரியும். தீபாவளி எப்போது என்று கேட்டால்தான் நாள்காட்டியைப் பார்ப்பார்.

---

ஓலைப்பெட்டி எழுதியது:

எல்லாரும் செல்வாவையே பேசுகிறீர்கள். தமிழ்க் காங்கிரஸ் தலைவர் ஜீ.ஜீ. பொன்னம்பலம் என்று ஒரு ஆள் இருந்தார், அவரும் அப்புக்காத்துதான், கேஸ் பேசுவதில் செல்வாவை விடப் பெரிய பெயர். இரண்டு பேரையும் பக்கத்தில் வைத்தால்தான் வடலிக்காணியின் கேள்விக்குப் பதில் வரும்.

ஜீ.ஜீ. கிரிமினல் அப்புக்காத்து. ஜூரிகளுக்கு முன்னால் பேசிப் பழகியவர். அன்றைக்கே, அந்த இடத்திலேயே ஆளை மடக்க வேண்டும். சபையில் பாதி ஆசனம் சிறுபான்மையினருக்கு என்ற ஐம்பதுக்கு ஐம்பது கோரிக்கையும் அப்படித்தான், கேட்கும்போதே அதிர வேண்டும். அரசியலமைப்பை ஆராய வந்த சோல்பரி ஆணைக்குழு முன்னால் நின்று பேசியதை இன்றும் சொல்வார்கள். செல்வா மேசையில் இருந்து பத்திரம் பார்ப்பவர். குரலும் மெல்லிய குரல். பின்னாளில் பார்க்கின்சன் நோய் வந்ததும் அதுவும் அடங்கிப் போனது. மேடைக்குக் கட்சியின் அமிர்தலிங்கம் வேண்டியிருந்தது.

ஆனால் கையில் என்ன கிடைத்தது என்று பாருங்கள். ஜீ.ஜீ. 1948இல் டி.எஸ். சேனநாயக்கவின் அமைச்சரவையில் சேர்ந்து கைத்தொழில் அமைச்சரானார். காங்கேசன்துறைச் சீமெந்து ஆலை, பரந்தன் இரசாயனத் தொழிற்சாலை, வாழைச்சேனைக் காகித ஆலை, மூன்றுக்கும் அவர் பெயரைத்தான் சொல்கிறோம். சீமெந்து ஆலை செல்வாவின் சொந்தத் தொகுதியில்! செல்வா பக்கத்தில் காட்டுவதற்கு என்ன? கிழிந்த இரண்டு ஒப்பந்தம்.

---

தேயிலைச்சரிவு எழுதியது:

ஓலைப்பெட்டி அண்ணை, சீமெந்து ஆலைக்கு என்ன விலை கொடுத்தார்கள் என்று மலையகத்தில் கேளுங்கள்.

1948 ஆகஸ்டில் பிரசாவுரிமைச் சட்டம் வந்தபோது ஜீ.ஜீ.யும் எதிர்த்துத்தான் வாக்களித்தார், அதை மறுக்கவில்லை. செப்டம்பரில் அமைச்சர் ஆனார். டிசம்பரில் இந்திய, பாகிஸ்தானிய வதிவாளர் பிரசாவுரிமை மசோதா வந்தபோது அரசாங்கத்தோடு நின்றார். அடுத்த வருடம் தேர்தல் சட்டத் திருத்தம், வாக்கும் போனது. 1947 பாராளுமன்றத்தில் தோட்டத்துச் சனம் தெரிந்தெடுத்த இலங்கை இந்தியன் காங்கிரஸ் உறுப்பினர்கள் இருந்தார்கள், தொண்டமான் உட்பட. 1952இல் ஒருவர்கூட இல்லை.

அந்த விவாதத்தில் செல்வா சொன்னதன் சாரம் இதுதான்: இன்று இந்தியத் தமிழருக்கு நீதி மறுக்கிறார்கள், நாளை மொழி என்று வரும்போது இதே கதி இலங்கைத் தமிழருக்கும் வரும். எட்டு வருடத்தில் வந்தது. இதைச் சொல்லித்தான் அவர், வன்னியசிங்கம், செனட்டர் நாகநாதன் எல்லாரும் தமிழ்க் காங்கிரசை உடைத்துக்கொண்டு வந்து, 1949 டிசம்பர் 18இல் கொழும்பு மருதானையில் தமிழரசுக் கட்சியைத் தொடங்கினார்கள்.

இதற்கு அவருக்குக் கிடைத்த பரிசு என்ன தெரியுமா? 1952 தேர்தலில் காங்கேசன்துறையில் தோல்வி. தோற்கடித்தவர் ஐக்கிய தேசியக் கட்சியின் சு. நடேசன், சேர் பொன். இராமநாதனின் மருமகன். கட்சிக்கே இரண்டு ஆசனம்தான், கோப்பாயும் திருகோணமலையும். தோட்டத் தொழிலாளிக்காகக் கட்சியை விட்டவரை யாழ்ப்பாணம் வீட்டுக்கு அனுப்பியது. இப்போது "தந்தை" என்கிறோம்.

குறையும் சொல்கிறேன். 1957 ஒப்பந்தத்தில் எங்களுடைய பிரசாவுரிமைக்கு உருப்படியாக எதுவும் இல்லை. திருகோணமலையில் வைத்த நான்கு கோரிக்கையில் அது ஒன்று. மேசைக்கு வந்தபோது "பிரதமர் கவனத்தில் எடுப்பார்" என்ற அளவில் நின்றது. 1964இல் பிரதமர்கள் சிறிமாவும் சாஸ்திரியும் 5,25,000 பேர் இந்தியாவுக்கு, 3,00,000 பேர் இங்கே என்று ஆட்டுக்கிடாய் பிரிப்பது போலப் பிரித்தபோது எங்களை யாரும் கேட்கவில்லை.

---

வடலிக்காணி எழுதியது:

தேயிலைச்சரிவு சொன்ன கடைசிப் பந்தி என் வாதத்துக்குத்தான் உதவுகிறது, கவனித்தீர்களா? நான்கு கோரிக்கையோடு போனவர் ஒன்றரையோடு வந்தார். சமஷ்டி (கூட்டாட்சி) பற்றிப் பேசவே மாட்டேன் என்று பண்டாரநாயக்க சொன்னதும் சரி என்றார். தனிச்சிங்களச் சட்டத்தைத் தொட மாட்டேன் என்றதும் சரி என்றார். சிவில் நீதிமன்றத்தில் இது வழமை. வழக்கை இழுக்காமல் சமாதானமாக முடிப்போம், கிடைத்ததை எழுதி வாங்குவோம். கட்டளையை நீதிபதி பதிந்துவிடுவார், பிறகு யாராலும் பின்வாங்க முடியாது. அரசியலில் பதிவதற்கு யார் இருந்தார்?

இன்னொன்றையும் யோசித்தேன். செல்வா, பண்டாரநாயக்க, டட்லி மூன்று பேரும் சென் தோமஸ் கல்லூரி மாணவர்கள். மூன்று பேரும் சட்டம் படித்தவர்கள். பண்டாரநாயக்கவும் செல்வாவும் ஏறக்குறைய ஒரே வயது, ஒரே காலத்தில் அங்கே படித்தவர்கள். "கனவான் கொடுத்த வாக்கு" என்ற நம்பிக்கை அங்கேயிருந்து வந்ததோ என்னவோ. ஐக்கிய தேசியக் கட்சியின் ஜே.ஆர். ஜயவர்த்தனாவும் அப்புக்காத்துதான். ஆனால் அவர் ஒப்பந்தத்துக்கு எதிராக 1957 அக்டோபரில் கண்டிக்கு நடக்கத் தொடங்கினார். இம்புல்கொடையில் மறித்துத் திருப்பி அனுப்பினார்கள். நடை நின்றதே தவிர, நோக்கம் நிறைவேறியது.

---

கச்சேரியடி எழுதியது:

1957 ஒப்பந்தத்தைக் கிழித்த நாளையும் சொல்லிவிடுங்கள். 1958 ஏப்ரல் 9. கொழும்பு றொஸ்மீட் பிளேசில் பிரதமர் வீட்டு வாசலில் பிக்குகள் வந்து உட்கார்ந்தார்கள். வாயால் சொன்னது போதாது, எழுத்தில் வேண்டும் என்றார்கள். ஒப்பந்தம் இரத்து என்று பிரதமர் தரப்பு எழுதியே கொடுத்தது.

இங்கேதான் எனக்கு எப்போதும் ஒரு சிரிப்பு வரும், கசப்பான சிரிப்பு. எழுத்தில் வாங்க வேண்டும், உடனே வாங்க வேண்டும், வாங்காமல் எழும்பக்கூடாது என்பதை அன்று சட்டம் படிக்காத பிக்குகள் செய்து காட்டினார்கள்.

மே மாதம் கலவரம். தமிழரசுக் கட்சிக்குத் தடை, தலைவர்கள் தடுப்புக்காவலில். ஆகஸ்டில் தமிழ்மொழி விசேட ஏற்பாடுகள் சட்டத்தைக் கொண்டுவந்தபோது, அந்தச் சட்டம் யாருக்காகவோ அவர்களுடைய பிரதிநிதிகள் காவலில். அதற்குரிய விதிகள் 1966 ஜனவரியில்தான் வந்தன, டட்லி ஆட்சியில், அதுவும் கொழும்பில் பெரிய எதிர்ப்பு ஊர்வலத்துக்கும் துப்பாக்கிச் சூட்டுக்கும் நடுவில்.

---

மூதூர்க்கரை எழுதியது:

வடக்கு ஆட்கள் பேசி முடித்திருந்தால் கிழக்கிலிருந்து கொஞ்சம்.

"கிழக்கு இரண்டு அல்லது அதற்கு மேல்" என்ற வாசகத்தைச் சும்மா கடந்து போகிறீர்கள். அதில் முஸ்லிம் மக்களுக்கும் இடம் விடும் யோசனை இருந்தது. "தமிழ் பேசும் மக்கள்" என்ற சொல்லை அரசியலில் ஊன்றியவர் செல்வா. 1956இல் கல்முனையிலும் பொத்துவிலிலும் தமிழரசுக் கட்சி சார்பில் முஸ்லிம் உறுப்பினர்கள் வென்றார்கள். பிறகு கட்சி மாறினார்கள், அது வேறு கதை. ஆனால் கட்சியின் முதல் மாநாடு 1951இல் திருகோணமலையில், 1956 மாநாடு திருகோணமலையில், 1972இல் தமிழ்க் கட்சிகளின் கூட்டணி தொடங்கியதும் திருகோணமலையில். யாழ்ப்பாணத்தில் வாக்கு வாங்கிக்கொண்டு திருகோணமலையில் முடிவெடுத்த கட்சி அது. தலைநகரம் எது என்று வாயால் சொல்லாமலே சொல்வது.

திருகோணமலையால்தான் 1965 ஒப்பந்தமும் முறிந்தது என்றுகூடச் சொல்லலாம். செல்வா அமைச்சர் பதவி ஏற்கவில்லை. மு. திருச்செல்வம், அவரும் கியூ.சி., செனட் வழியாக உள்ளூராட்சி அமைச்சரானார். 1968இல் மாவட்ட சபை வெள்ளை அறிக்கையை அரசாங்கம் கைவிட்டது. அதே ஆண்டில் கோணேசர் கோயில் சூழலைப் புனித பூமியாக்குவது பற்றி ஆராய அவர் அமைத்த குழுவைப் பிரதமர் கலைத்தார். திருச்செல்வம் விலகினார். மூன்று வருடம் அரசாங்கத்தில் இருந்து, கடைசியில் ஒரு கோயில் குழுவைக்கூடக் காப்பாற்ற முடியவில்லை.

வடலிக்காணி, 1957ஐ விட 1965தான் உங்கள் வாதத்துக்கு நல்ல சாட்சி. அந்த ஒப்பந்தத்தைப் பகிரங்கமாக வெளியிடாமல் வைத்திருந்தார்கள். சனத்துக்குத் தெரியாத ஒப்பந்தம் முறிந்தால் சனம் எப்படிக் கேட்கும்?

---

கச்சேரியடி எழுதியது:

மூதூர்க்கரை சொன்னதற்கு என்னிடம் பதில் இல்லை. 1957இல் கற்ற பாடத்தைத் தலைகீழாக விளங்கிக்கொண்டார்கள் போல. "பகிரங்கமாகச் சொன்னதால்தான் எதிர்ப்பு வந்தது, இந்த முறை சத்தம் போடாமல் செய்வோம்" என்று.

---

ஓலைப்பெட்டி எழுதியது:

அண்ணை ஒப்புக்கொண்டதைத் தேதி போட்டு எழுதி வைக்கிறேன்.

சரி, இன்னொன்று. 1968இல் மாவிட்டபுரம் கந்தசாமி கோயிலுக்குள் ஒடுக்கப்பட்ட மக்களை விடாமல் கதவை மறித்தபோது, அந்தக் கோயில் செல்வாவின் காங்கேசன்துறைத் தொகுதியில். தீண்டாமை ஒழிப்பைப் பற்றித் தீர்மானம் போட்ட கட்சி. வாசலுக்கு வந்து அழுத்தமாக நிற்கவில்லை என்று இடதுசாரிகள் அன்றே கேட்டார்கள். கிறிஸ்தவர், கோயில் விஷயத்தில் தலையிட்டால் வேறு கதை கட்டுவார்கள் என்ற தயக்கம் இருந்திருக்கலாம். இருந்தாலும் 1956இல் தனிச்சிங்களச் சட்டத்தை எதிர்த்துக் கொழும்பு காலிமுகத்திடலில் போய் அடி வாங்கத் தெரிந்த கட்சிக்கு மாவிட்டபுரம் தூரமில்லை.

---

பழைய லிகிதர் எழுதியது:

அந்தக் கேள்வி நியாயம். மறுக்க மாட்டேன்.

ஆனால் வடலிக்காணியின் மூலக் கேள்விக்கு இதுவரை யாரும் தொடாத இடம் ஒன்று இருக்கிறது. செல்வாவின் அப்புக்காத்து மூளை உண்மையில் வேலை செய்தது ஒப்பந்தங்களில் இல்லை. 1972 அக்டோபர் 3இல்.

பின்னணி இது. 1970 தேர்தலில் தமிழரசுக் கட்சிக்கு 13 ஆசனம், சிறிமா அரசுக்கு மூன்றில் இரண்டுக்கு மேல். அரசியலமைப்பு நிர்ணய சபை கூடியது. கட்சி போய் இருந்து, திருத்தங்கள் கொடுத்துப் பார்த்தது. மொழி பற்றிய திருத்தம் தோற்றதும் 1971 ஜூன் கடைசியில் வெளியேறியது. 1972 மே 22இல் குடியரசு. சிங்களம் ஆட்சிமொழி என்பது அரசியலமைப்புக்குள்ளேயே ஏறிவிட்டது. பௌத்தத்துக்கு முதன்மை இடம். 29ஆம் பிரிவு இல்லை. போதாததற்கு, இருந்த உறுப்பினர்கள் 1977 வரை அப்படியே தொடரலாம் என்றும் எழுதிக்கொண்டார்கள்.

இப்போது ஒரு வழக்கறிஞராக யோசியுங்கள். நீதிமன்ற வழி மூடிவிட்டது. பிரிவி கவுன்சில் இல்லை. பாராளுமன்றத்தில் எண்ணிக்கை இல்லை. ஒப்பந்தம் இரண்டு முறை முறிந்துவிட்டது. 74 வயது, கை நடுக்கம், காதும் மந்தம். மிச்சம் என்ன? தன்னுடைய கதிரை ஒன்று.

அதை விட்டார். "இந்த அரசியலமைப்பைத் தமிழர் ஏற்கவில்லை என்கிறேன், ஏற்கிறார்கள் என்கிறீர்கள், காங்கேசன்துறையில் இடைத்தேர்தல் வையுங்கள், சனம் சொல்லட்டும்" என்பதுதான் அந்த விலகலின் பொருள். பிணக்கு என்னவென்று ஒரே ஒரு கேள்வியாகச் சுருக்குவது, அதைத் தீர்க்க உரிமையுள்ளவரின் முன்னால் வைப்பது. இது தேர்ந்த சிவில் அப்புக்காத்தின் வேலை இல்லாமல் வேறென்ன?

அரசாங்கத்துக்கும் அது விளங்கியது. அதனால்தான் அவசரகால நிலையைக் காட்டி இரண்டு வருடம் நான்கு மாதம் இழுத்தார்கள். தவணை, தவணை, தவணை. நாங்கள் பாடசாலை போய் வரும் வழியில் சுவரில் "இடைத்தேர்தல் எங்கே" என்று தார் பூசியிருந்ததைப் பார்த்த ஞாபகம் இன்னும் இருக்கிறது. 1975 பெப்ரவரி 6இல் வைத்தார்கள். எதிர்த்து நின்றவர் கம்யூனிஸ்ட் கட்சி வி. பொன்னம்பலம், மரியாதைக்குரிய மனிதர், சும்மா நிறுத்திய ஆள் இல்லை. செல்வாவுக்கு 25,927. பொன்னம்பலத்துக்கு 9,457.

பதவிப் பிரமாணம் எடுத்துவிட்டு, தமிழர் தங்கள் இறைமையை மீட்டுத் தனி அரசாக வாழ மக்கள் ஆணை தந்துவிட்டார்கள் என்ற பொருளில் அறிக்கை விட்டார். அடுத்த வருடம் மே 14இல் வட்டுக்கோட்டைத் தீர்மானம். அதை வாசித்துப் பாருங்கள்: "ஆகவும்", "ஆகவும்" என்று வரலாற்றை அடுக்கி, கடைசியில் முடிவைச் சொல்வது. மேடைப் பேச்சின் நடை இல்லை அது. வழக்காளியின் மனு.

---

வடலிக்காணி எழுதியது:

இதை எதிர்பார்க்கவில்லை. ஒத்துக்கொள்கிறேன், 1972 விலகல் நான் சொன்னதற்கு நேர் எதிர். ஒப்பந்தக்காரராக இருந்தபோது பிணை இல்லாமல் கையெழுத்துப் போட்டவர், கையில் ஒன்றும் இல்லாதபோது தன்னையே பிணை வைத்தார்.

ஆனால் ஒரு முட்டு இருக்கிறது. சமஷ்டி கேட்டு இருபத்தைந்து வருடம் வழக்குப் பேசியவர், தனி அரசு என்று வழக்குரையையே மாற்றியபோது, அதை எப்படி அடைவது என்று தீர்மானத்தில் என்ன இருக்கிறது? செயல் திட்டத்தைப் பிறகு வகுப்போம் என்கிறது. அகிம்சை வழி என்று அவர் நினைத்திருப்பார். அதைக் கேட்டுக்கொண்டு நின்ற இளைஞர்கள் அப்படி நினைக்கவில்லை. 1974 தமிழாராய்ச்சி மாநாட்டில் நடந்த சாவுகளைக் கண்ணால் பார்த்தவர்கள் அவர்கள்.

---

தேயிலைச்சரிவு எழுதியது:

அந்த இடத்தில்தான் நாங்கள் இறங்கிக்கொண்டோம். கூட்டணியில் செல்வா, ஜீ.ஜீ., தொண்டமான் மூன்று பேரும் கூட்டுத் தலைவர்கள். தனி அரசு என்றதும் தொண்டமான் ஒதுங்கினார். நுவரெலியாவில் இருப்பவன் வரைபடத்துக்கு வெளியே. எங்களுக்காக 1949இல் கட்சி உடைத்தவர் மீது எங்கள் வீட்டில் யாருக்கும் கோபம் இல்லை. ஆனால் அந்தத் தீர்மானத்தை எங்கள் தாத்தா வாசித்துவிட்டு மடித்து வைத்ததாகச் சொல்வார்கள்.

---

மதுரைக்காரன் எழுதியது:

படிக்கப் படிக்க ஒரு விஷயம் புரியவில்லை. 1949இல் சண்டை போட்டுப் பிரிந்த ஜீ.ஜீ.யும் செல்வாவும் எப்படி ஒரே கூட்டணிக்கு வந்தார்கள்? ஓலைப்பெட்டி ஐயா சொல்வார் என்று பார்க்கிறேன்.

---

ஓலைப்பெட்டி எழுதியது:

சொல்கிறேன் தம்பி. 1970 தேர்தலில் ஜீ.ஜீ. தோற்றார், அமிர்தலிங்கமும் தோற்றார். குடியரசு அரசியலமைப்பு இரண்டு கட்சிக்காரரையும் ஒரே வாசலில் கொண்டுவந்து விட்டது. 1972 மே 14இல் கூட்டணி.

ஆனால் அவர்கள் இரண்டு பேரும் உண்மையில் ஒன்றாக நின்றது மேடையில் இல்லை, நீதிமன்றத்தில். வட்டுக்கோட்டைக்கு அடுத்த வாரம், 1976 மே 22, குடியரசு தினம். துண்டுப்பிரசுரம் கொடுத்தார்கள் என்று அமிர்தலிங்கம், வி.என். நவரத்தினம் முதலானவர்களைக் கைது செய்து, ஜூரி இல்லாமல், மூன்று நீதிபதிகள் முன்னால் விசாரித்தார்கள். அதைத்தான் ட்ரயல் அட் பார் வழக்கு என்கிறோம். எதிரிகளுக்காக, அதாவது குற்றஞ்சாட்டப்பட்டவர்களுக்காக, அறுபதுக்கும் மேற்பட்ட தமிழ்ச் சட்டத்தரணிகள் வந்தார்கள். ஜீ.ஜீ. வாதாடினார். திருச்செல்வம் வாதாடினார். அந்த வரிசையில் 78 வயதுச் செல்வநாயகமும் இருந்தார். வாதம் அவசரகால விதிகளில் தொடங்கி, குடியரசு அரசியலமைப்பே செல்லுமா என்பது வரை போனது. கோடீஸ்வரன் வழக்கில் கேட்க முடியாமல் போனதை விடப் பெரிய கேள்வி. கிரிமினல் அப்புக்காத்தும் சிவில் அப்புக்காத்தும் ஒரே கட்சிக்காரருக்கு. இதை எழுதும்போது எனக்கே கொஞ்சம் ஒரு மாதிரி இருக்கிறது, ஜீ.ஜீ. பக்கம் நின்று இவ்வளவு சண்டை போட்ட பிறகு.

---

மதுரைக்காரன் எழுதியது:

தீர்ப்பு என்ன ஆனது ஐயா?

---

பழைய லிகிதர் எழுதியது:

விடுதலை. 1977 பெப்ரவரி 10. திருச்செல்வம் நவம்பரிலேயே காலமாகிவிட்டார். ஜீ.ஜீ. காலமானது பெப்ரவரி 9, தீர்ப்புக்கு முதல் நாள். செல்வா தீர்ப்பைக் கேட்டார், ஏப்ரல் 26இல் போனார். யாழ்ப்பாணம் முற்றவெளியில்தான் நினைவுத் தூண். ஜூலையில் தேர்தல் வந்து, கூட்டணிக்கு 18 ஆசனம் கிடைத்து, அந்த வழக்கின் எதிரியான அமிர்தலிங்கம் எதிர்க்கட்சித் தலைவர் கதிரையில் போய் இருந்தார்.